6ஐ முக்காலால் வகுத்தால் எப்படி 8 வரும்?



கொஞ்சம் நீளமான பதிவு. கணக்கைப் பற்றியது என்று தாண்டிப் போய்விடாதீர்கள். படிக்கிற பிள்ளை இருக்கும் எந்த வீட்டுக்கும் இதில் விசயம் இருக்கிறது.

தவணைப் பரீட்சை விடைத்தாள்களைத் திருத்திக் கொடுத்த மறுநாள் ஒரு தாய் பாடசாலைக்கு வந்தார். மகனின் விடைத்தாள் கையில் இருந்தது. பிழை போட்டிருந்த ஒரு கணக்கில் விரலை வைத்தார். கணக்கு இதுதான்:

"6 மீற்றர் நீளமான துணியிலிருந்து 3/4 மீற்றர் வீதம் துண்டுகள் வெட்டப்பட்டால் எத்தனை துண்டுகள் கிடைக்கும்?"

மகன் எழுதியிருந்த விடை நாலரை. 6ஐ 3/4ஆல் பெருக்கியிருந்தான். நாலரைத் துண்டு.

"சேர், இவன் முதல்ல 8 எண்டுதான் எழுதியிருக்கான். பாருங்க, கீறி வெட்டியிருக்கான். ஏன்டா வெட்டின எண்டு கேட்டா, வகுத்தா குறையத்தானே வரணும், 6ஐ விட 8 பெரிசு, அதால பிழை எண்டு நினைச்சனாம். எனக்கும் அவன் சொல்றது சரியாத்தான் படுது. வகுத்தா எப்படி சேர் கூடும்?"

விடைத்தாளை வாங்கிப் பார்த்தேன். உண்மைதான். வெட்டுக் கோட்டுக்கு அடியில் 8 தெளிவாகத் தெரிந்தது. பிள்ளைக்குச் சரியான விடை வந்திருக்கிறது. வந்த விடையை நம்ப முடியாமல் அவனே வெட்டியிருக்கிறான்.

அந்தத் தாயும் ஒரு காலத்தில் என்னிடம் படித்தவர்தான். சாதாரண தரத்தில் கணிதம் அவருக்குச் சித்தியில்லை. இப்போது வீட்டில் மெஷின் போட்டுத் தைக்கிறார். பாடசாலைப் பிள்ளைகளின் பர்தா நிறையத் தைத்துக் கொடுக்கிறார். அது நினைவு வந்ததால் கேட்டேன்.

"மகள், உங்கட்ட 6 மீற்றர் வெள்ளைத் துணி இருக்கு. சின்னப் புள்ளைகளுக்குப் பர்தா, ஒண்டுக்கு முக்கால் மீற்றர். எத்தனை வெட்டுவீங்க?"

"எட்டு."

நான் கேட்டு முடிக்கவும் அவர் சொல்லி முடிக்கவும் சரியாக இருந்தது. எப்படி என்று கேட்டேன். "ஒண்டரை மீற்றருக்கு ரெண்டு வரும். மூணு மீற்றருக்கு நாலு. ஆறுக்கு எட்டு. இதுக்கெல்லாம் என்ன சேர் கணக்கு?"

"மகன் வெட்டின கணக்கு இதுதான்" என்றேன்.

விடைத்தாளைத் திரும்ப வாங்கி, கணக்கை ஒரு முறை வாசித்தார். பிறகு கோபம் எதுவும் இல்லாமல்தான் கேட்டார்: "அப்ப எங்களுக்கு ஏன் சேர் இப்படிச் சொல்லித் தரல்ல?"

என்னிடம் பதில் இருக்கவில்லை. இந்தப் பதிவு அந்தக் கேள்விக்காகத்தான். பெயர் சொல்லாமல் எழுத அவரிடம் அனுமதி கேட்டுக்கொண்டேன்.

அவருடைய வகுப்புக்கு நான் என்ன சொல்லிக் கொடுத்தேன் என்பது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. "வகுத்தல் அடையாளத்தைப் பெருக்கலாக மாற்று. பின்னத்தைத் தலைகீழாக்கு. பெருக்கு." இவ்வளவுதான். மூன்று வரி. பிள்ளைகள் பாடமாக்கினார்கள். 6 ÷ 3/4 என்று வெறுமனே கொடுத்தால் வகுப்பில் பெரும்பாலானோர் சரியாகச் செய்தார்கள். நானும் பாடம் முடிந்தது என்று அடுத்த அலகுக்குப் போனேன். துணி, மா, பால் என்று வசனத்தில் வந்தால் அதே பிள்ளைகள் தடுமாறினார்கள். "வாசித்து விளங்கும் பழக்கம் இல்லை" என்று பிள்ளைகள் மேல் குறை சொன்னேன்.

அந்த விதியில் பிழை இல்லை. ஆனால் ஏன் தலைகீழாக்குகிறோம் என்று ஒரு பிள்ளை கேட்டிருந்தால், ஆரம்ப வருடங்களில் என்னிடமே விடை இருந்திருக்காது. எந்தப் பிள்ளையும் கேட்கவில்லை. கேட்கக் கூடாது என்று நாங்கள்தான் பழக்கி வைத்திருக்கிறோம்.

விடை ஒன்றும் பெரிய விசயமில்லை. ஒரு மீற்றரில் எத்தனை கால் மீற்றர்? நாலு. அப்படியென்றால் 6 மீற்றரில் 24 கால் மீற்றர். ஒரு பர்தாவுக்கு அப்படி மூன்று கால் வேண்டும். 24ஐ மும்மூன்றாகச் சேர்த்தால் 8 பர்தா. நாங்கள் செய்தது என்ன? 6ஐ நாலால் பெருக்கினோம், மூன்றால் வகுத்தோம். அதைச் சுருக்கி எழுதினால் 6 × 4/3. கீழே இருந்த 4 மேலே வந்ததும் மேலே இருந்த 3 கீழே போனதும் இப்படித்தான். நிகர்மாறு என்று புத்தகம் சொல்வதன் இரகசியம் இவ்வளவுதான். கரும்பலகையில் ஒரு கோடு கீறி ஐந்து நிமிடத்தில் காட்டலாம்.

சரி, வகுத்தால் குறையத்தான் வேண்டும் என்று பிள்ளை ஏன் நினைக்கிறான்? நாங்கள் அப்படிப் பழக்கியதால்தான். சின்ன வகுப்பில் வகுத்தல் என்றாலே பங்கிடுதல். 12 டொபியை 3 பேருக்குப் பங்கிடு, ஆளுக்கு 4. முக்கால் ஆளுக்கு எப்படிப் பங்கிடுவது? பிள்ளையால் அதைக் கற்பனை செய்ய முடியாது. ஆனால் வகுத்தலுக்கு இன்னொரு பொருளும் உண்டு. 12 டொபியை மும்மூன்றாகப் பைகளில் போட்டால் எத்தனை பை? அதுவும் 12 ÷ 3தான். அதாவது, இதற்குள் அது எத்தனை தடவை அடங்கும் என்ற கேள்வி. முழு எண்களில் இரண்டுக்கும் விடை ஒன்றாகவே வருவதால் இரண்டாவது பொருளை நாங்கள் கவனிக்காமல் விட்டுவிடுகிறோம். பின்னம் வரும்போது அதுதான் கைகொடுக்கும்.

ஒரு கடையில் 10 கிலோ மா இருக்கிறது. 2 கிலோப் பைகளில் போட்டால் 5 பை. 1 கிலோப் பைகளில் 10 பை. அரைக் கிலோப் பைகளில் 20. கால் கிலோப் பைகளில் 40. பை சிறுக்கச் சிறுக்க எண்ணிக்கை கூடுகிறது. இந்த நாலு வரியையும் ஒன்றன் கீழ் ஒன்றாக எழுதிக் காட்டினால் எந்தப் பிள்ளையும் 8ஐ வெட்டாது.

இன்னொரு விசயம். நாங்கள் வீட்டில் முக்கால் என்கிறோம், கால் என்கிறோம், அரை என்கிறோம். வகுப்பில் அது "நான்கில் மூன்று" ஆகிவிடுகிறது. பிள்ளைக்கு அது வேறு ஏதோ ஒரு எண். உம்மா கடைக்கு அனுப்பும்போது சொல்லும் முக்காலும் கொப்பியில் எழுதும் 3/4ம் ஒன்றுதான் என்பதை யாரும் அவனிடம் சொல்வதில்லை. அரையால் வகு என்றால் அரைவாசியாக்கு என்று விளங்கிக்கொள்ளும் பிள்ளைகள் எத்தனை பேர்! 10ஐ அரைவாசியாக்கினால் 5. 10ஐ அரையால் வகுத்தால் 20. ஒன்று இரண்டாகப் பிரிப்பது, மற்றது அரை அரையாக எண்ணுவது.

இப்போது கீழே உள்ள மூன்று கணக்குகளையும் ஆறுதலாக வாசியுங்கள். பிள்ளையிடமும் கொடுத்துப் பாருங்கள்.

ஒன்று: 6 மீற்றர் துணியை முக்கால் மீற்றர் துண்டுகளாக வெட்டினாள். எத்தனை துண்டு?

இரண்டு: 6 மீற்றர் துணியில் முக்கால்வாசியை வெட்டி எடுத்தாள். எடுத்தது எவ்வளவு?

மூன்று: துணியில் முக்கால்வாசியை வெட்டி எடுத்தாள். எடுத்தது 6 மீற்றர். முழுத்துணி எவ்வளவு?

மூன்றிலும் அதே 6, அதே முக்கால், அதே துணி. முதலாவது வகுத்தல், விடை 8 துண்டு. இரண்டாவது பெருக்கல், விடை நாலரை மீற்றர். மூன்றாவது மறுபடியும் வகுத்தல், விடை 8 மீற்றர். "முக்கால் மீற்றர்" என்பதற்கும் "முக்கால்வாசி" என்பதற்கும் உள்ள வித்தியாசத்தில்தான் முழுக் கணக்கும் நிற்கிறது. அந்த மாணவன் எழுதியது இரண்டாவது கணக்கின் விடையை. அவனுக்குப் பெருக்கவும் தெரியும், வகுக்கவும் தெரியும். எது எங்கே என்பதுதான் தெரியவில்லை.

இங்கே டியூசன் நடத்தும் சகோதரர்களிடம் அன்போடு ஒன்றைச் சொல்ல வேண்டும். நானும் ஒரு காலத்தில் இதைச் செய்தவன் என்பதால்தான் சொல்கிறேன். "பங்கு, வீதம் என்று வந்தால் வகு. மொத்தம், முழு என்று வந்தால் கூட்டு அல்லது பெருக்கு" என்று சொற்பட்டியல் கொடுக்காதீர்கள். மூன்றாவது கணக்கில் "முழு" என்ற சொல் இருக்கிறது. பட்டியலை நம்பிய பிள்ளை 6ஐ 3/4ஆல் பெருக்கி நாலரை என்று எழுதும். வெட்டி எடுத்த துண்டு 6 மீற்றர், அது வந்த முழுத்துணி நாலரை மீற்றர்! பட்டியலைப் பாடமாக்கிய பிள்ளை துணியைப் பார்ப்பதில்லை, சொல்லைத்தான் தேடுகிறது.

மீதி வரும் கணக்கில் இன்னும் பெரிய பொறி இருக்கிறது. துணி 5 மீற்றர் என்று வைத்துக்கொள்வோம். பர்தா அதே முக்கால் மீற்றர். விதிப்படி செய்தால் 5 × 4/3 = 20/3, அதாவது ஆறும் மூன்றில் இரண்டும். எத்தனை பர்தா என்று கேட்டால் 6. எவ்வளவு துணி மிச்சம் என்று கேட்டால் பிள்ளைகள் மூன்றில் இரண்டு மீற்றர் என்று எழுதுவார்கள். அந்தத் தாயிடம் கேட்டிருந்தால் அரை மீற்றர் என்று சொல்லியிருப்பார். அவர் சொல்வதுதான் சரி. 6 பர்தாவுக்கு நாலரை மீற்றர் போனால் மிச்சம் அரை மீற்றர். அப்படியென்றால் மூன்றில் இரண்டு எங்கே வந்தது? மிச்சத் துணி ஒரு பர்தாவுக்கு வேண்டிய அளவில் மூன்றில் இரண்டு பங்கு. ஒன்றை அளப்பது மீற்றரால், மற்றதை அளப்பது பர்தாவால். விதி மட்டும் தெரிந்த பிள்ளைக்கு இந்த வித்தியாசம் தெரிய வழியில்லை.

"இதெல்லாம் பரீட்சைக்குத்தானே, பிறகு எதற்கு?" என்று சிலர் கேட்கலாம். எங்கள் மார்க்கக் கடமைகளிலேயே பின்னம் இருக்கிறது. பணத்துக்குரிய ஸகாத் நாற்பதில் ஒன்று. ஒருவர் 15,000 ரூபா ஸகாத் கொடுத்தார் என்றால் அவர் கணக்குப் பார்த்த தொகை எவ்வளவு? 15,000 ÷ 1/40. ஆறு இலட்சம். கணவன் மௌத்தாகி, பிள்ளைகளும் இருந்தால், கடனும் வஸிய்யத்தும் போக மீதியில் மனைவிக்கு எட்டில் ஒன்று என்று சூறா அந்நிஸா சொல்கிறது. ஒரு விதவைத் தாயின் கையில் "உங்கள் பங்கு" என்று மூன்று இலட்சம் கொடுக்கப்படுகிறது. அது சரிதானா என்று அவர் பார்க்க வேண்டுமானால் 3 ÷ 1/8 செய்ய வேண்டும். பங்கிடப்பட்ட மொத்தச் சொத்து 24 இலட்சம் என்று வரும். உண்மையான சொத்து அதைவிடக் கூட என்றால் அவர் கேள்வி கேட்கலாம். கணக்குத் தெரியாவிட்டால் கொடுத்ததை வாங்கிக்கொண்டு போவார். மேலே சொன்ன மூன்றாவது துணிக் கணக்குத்தான் இது. பங்கு தெரியும், முழுவதைத் தேடு. எங்கள் பெண் பிள்ளைகளுக்கு இது கட்டாயம் தெரிந்திருக்க வேண்டும் என்பது என் கருத்து.

ஒன்பதாம் நூற்றாண்டில் பக்தாதில் வாழ்ந்த அல்-குவாரிஸ்மி எழுதிய அல்ஜிப்ரா நூலில் பெரும் பகுதி வாரிசுரிமைக் கணக்குகள்தான். அல்ஜிப்ரா என்ற சொல்லே அந்த நூலின் பெயரிலிருந்து வந்தது. சொத்து, பங்கு, கடன் என்று மனிதர்களின் நடைமுறைப் பிரச்சினைகளை வைத்தே அவர் கணிதம் எழுதினார். நாங்கள் அந்த வரலாற்றை மேடையில் பெருமையாகப் பேசுகிறோம். வகுப்பில் தலைகீழாக்கிப் பெருக்கு என்கிறோம்.

இது எங்கள் ஊர்ப் பிரச்சினை மட்டுமல்ல. சீனாவில் பிறந்து, அங்கே கிராமத்து ஆசிரியையாக இருந்து, பிறகு அமெரிக்காவில் ஆய்வு செய்த லிப்பிங் மா என்பவர் 1999இல் ஒரு நூல் வெளியிட்டார். இரு நாட்டு ஆரம்பப் பாடசாலை ஆசிரியர்களிடமும் அவர் ஒரே கணக்கைக் கொடுத்தார். ஒன்றே முக்காலை அரையால் வகுங்கள், அதற்குப் பொருத்தமான ஒரு கதையும் சொல்லுங்கள் என்றார். சீன ஆசிரியர்கள் 72 பேரும் கணக்கைச் சரியாகச் செய்தார்கள். அவர்களில் 65 பேர் சரியான கதையும் சொன்னார்கள். அமெரிக்க ஆசிரியர்கள் 23 பேரில் பொருந்துகிற கதை சொன்னவர் ஒரே ஒருவர். மற்றப் பலர் சொன்ன கதை இரண்டால் வகுப்பதற்குரியது, அதாவது அரைவாசியாக்குவது. ஆசிரியர்களுக்கே அந்தக் குழப்பம் இருந்தது. இதை வாசித்தபோது நான் என்னைத்தான் நினைத்தேன். என்னிடம் அந்த வயதில் கேட்டிருந்தால் கணக்கைச் செய்திருப்பேன். கதை சொல்லியிருப்பேனா தெரியாது.

ஆகவே என் கருத்தைச் சுருக்கமாகச் சொல்கிறேன்.

பெற்றோரே, பிள்ளை வசனக் கணக்குச் செய்யும்போது பேனை பிடிக்க முன்னர் ஒன்றை மட்டும் கேளுங்கள்: "விடை இதைவிடக் கூட வருமா, குறைய வருமா? ஏன்?" இதற்கு உங்களுக்குக் கணக்குத் தெரிய வேண்டியதில்லை. தைக்கிற தாய், கடை வைத்திருக்கிற வாப்பா, ஆப்பம் சுடுகிற உம்மம்மா எல்லோராலும் கேட்க முடியும். "எனக்குக் கணக்கு ஏலா" என்று பிள்ளைக்கு முன்னால் சொல்லாதீர்கள். அது பெரும்பாலும் உண்மையுமில்லை.

சக ஆசிரியர்களே, விதியைக் கொடுக்க வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. விதி வேண்டும், வேகத்துக்கு உதவும். ஆனால் அதற்கு முன் இரண்டு பாடவேளையாவது கோடு கீறி, கயிறு வெட்டி, போத்தலில் தண்ணீர் அளந்து செய்யுங்கள். பாடத்திட்டம் முடியாது என்ற பயம் எனக்கும் உண்டு. ஆனால் விளங்காமல் ஓடிய பாடத்தை மேல் வகுப்பில் திரும்பத் திரும்பச் சொல்லிக் கொடுப்பதில் போகும் நேரத்தை யாரும் கணக்குப் பார்ப்பதில்லை. பரீட்சைத் தாளிலும் ஒரு கேள்வி இப்படிக் கேளுங்கள்: "6 ÷ 3/4 என்பதற்குப் பொருத்தமான கதை ஒன்று எழுதுக." பாடமாக்கிய பிள்ளை யார், விளங்கிய பிள்ளை யார் என்று அப்போது தெரிந்துவிடும்.

அந்தத் தாயின் மகனுக்கு நான் புள்ளியை மாற்றிக் கொடுக்கவில்லை. வெட்டிய விடைக்குப் புள்ளி இல்லை என்பது விதி, மற்றப் பிள்ளைகளுக்கும் நீதி வேண்டும். ஆனால் அவனிடம் ஒரு வேலை கொடுத்தேன். முக்காலால் வகுக்கும் கணக்கு ஒன்றை நீயே உண்டாக்கிக்கொண்டு வா என்றேன். இரண்டு நாள் கழித்துக் கொப்பியோடு வந்தான். எழுதியிருந்தது இதுதான்:

"பள்ளிவாசலில் 45 லீற்றர் நோன்புக் கஞ்சி காய்ச்சினார்கள். ஒரு வீட்டுக்கு முக்கால் லீற்றர் வீதம் கொடுத்தால் எத்தனை வீட்டுக்குக் கொடுக்கலாம்?"

கீழே விடை, 60 வீடு. அதற்கும் கீழே, நான் கேட்காமலே, ஒரு வரி எழுதியிருந்தான்: "ஒரு வீட்டுக்கு ஒரு லீற்றர் கொடுத்தால் 45 வீடுதான். குறையக் கொடுத்தால் கூட வீட்டுக்குக் கொடுக்கலாம்."

இந்த முறை அவன் எதையும் வெட்டவில்லை. உம்மாவிடம் காட்டினாயா என்று கேட்டேன். "உம்மாதான் சேர் முதல்ல செஞ்சி பாத்த. சரி எண்டு சொன்ன" என்றான்.

அந்த உம்மாவுக்கு நான் ஒரு பாடம் கடன். அவருடைய வகுப்பில் இருந்த மற்றவர்களுக்கும்தான். உங்களில் சிலர் இதை வாசிப்பீர்கள் என்று தெரியும். பிள்ளையோடு ஒரு நாள் பாடசாலைக்கு வாருங்கள், இன்ஷா அல்லாஹ் இருந்து பேசுவோம்.